சுவரில் நடந்த தெரு

4 ஜனவரி

என் அருமை மருமகளுக்கு,

மாமா எழுதுவது. இங்கே எல்லாரும் நலம் என்று எழுதத்தான் பேனாவை எடுத்தேன். ஆனால் உன் பள்ளிக்கூடத்தில் மணி அடித்துக்கொண்டிருந்தார் என்று நீ அனுப்பி வைத்த மணிக்காரர் என் கடையில் சேர்ந்த நாள் முதல் நலம் என்ற சொல் என் பக்கமே வருவதில்லை. எதிர்த் தையல்கடையில் ஃபோன் இருக்கிறதே, பேசினால் என்ன என்று கேட்பாய். பேசலாம். தையல்காரர் கத்தரிக்கோலைக் கீழே வைத்துவிட்டு ஒரு சொல் விடாமல் கேட்பார். அதோடு நீ நடுநடுவே ‘மாமா, விஷயத்துக்கு வாங்க’ என்பாய். கடிதத்தில் உனக்கு அந்த வசதி கிடையாது.

உனக்கே தெரியும், கண்ணாடித் தொழிலில் என்னை அடிக்க ஆளில்லை. எட்டாம் வகுப்பை மூன்று வருஷம் ஆழமாகப் படித்தவன் நான். என் கடைக் கண்ணாடியில் முகம் பார்த்துவிட்டுப் போன ஒரு மாப்பிள்ளை, கல்யாண மேடையில் பெண்ணைப் பார்க்காமல் என் கடைத் திசையையே பார்த்துக்கொண்டிருந்தானாம். அப்பேர்ப்பட்ட கடையில் நான் வைத்திருக்கிற சட்டம் ஒன்றே ஒன்று. வாசலைத் தாண்டுகிற கண்ணாடி எதுவானாலும் போர்வை போர்த்தித்தான் போக வேண்டும். வெயில் பட்டால் எதிரே வருகிறவன் கண் கூசி யார்மேலாவது மோதிவிடுவான். இந்தச் சட்டத்தை மணிக்காரரிடம் தினமும் சொல்கிறேன். தினமும் புதிதாகக் கேட்கிற மாதிரி ரசித்துக் கேட்கிறார்.

போன வாரம் முடிதிருத்துகிறவர் கடைக்கு ஓர் ஆளுயரக் கண்ணாடி கொடுத்தனுப்பினேன். வழியில் பூங்காவில் செருப்பு வார் அவிழ்ந்ததாம். கண்ணாடியை மரத்தில் சாய்த்துவிட்டு வாரைக் கட்டியிருக்கிறார். கட்டி முடித்ததும் வெறுங்கையோடு நடந்து முடிதிருத்துகிறவர் கடைக்கே போய், “ஐயா, நான் எதுக்கு வந்தேன்னு உங்களுக்குத் தெரியுமா?” என்று கேட்டிருக்கிறார். நாங்கள் பூங்காவுக்கு ஓடிப் பார்த்தால் இருநூறு பேர் வரிசையில் நின்று தலை சீவிக்கொண்டிருக்கிறார்கள். சரி, இருபது பேர். ஒரு நாய் கண்ணாடியைப் பார்த்துக் குரைத்துக் குரைத்துத் தொண்டை கட்டி, கடைசியில் சமாதானமாகி அதன் முன்னாலேயே படுத்துத் தூங்கிக்கொண்டிருந்தது.

அன்றைக்கே சொல்லிவிட்டேன், “நாளையிலேர்ந்து வராதேய்யா” என்று. தலையாட்டிவிட்டுப் போனார். மறுநாள் காலை எனக்கு முன்னால் வந்து வாசல் பெருக்குகிறார்.

“என்னய்யா இங்கே?”

“வேலைக்கு வந்தேன் மொதலாளி.”

“உன்னைத்தான் நேத்து நிறுத்திட்டேனே!”

“அப்படியா? மறந்துட்டேன் மொதலாளி.”

சிரித்துக்கொண்டே பெருக்குகிறார். இதுவரை மூன்று தடவை நிறுத்தியாயிற்று. நிறுத்தியதையே மறக்கிற ஆளை எப்படியம்மா நிறுத்துவது? நீ விஞ்ஞானம் சொல்லிக் கொடுக்கிறவள், அதில் ஏதாவது வழி இருக்கிறதா? கோபத்தைவிட எனக்கு மலைப்புத்தான் அதிகம். மலையைப் பார்க்கிறோம், கடலைப் பார்க்கிறோம், அந்த மாதிரி இது ஒரு மறதி.

அக்கா, அதான் உன் அம்மா, அப்படியேதான் இருக்கிறாள். கடைக்கு மேலே மாடி அறையில் தெருப்பக்க ஜன்னலுக்கு முதுகைக் காட்டி, சுவரைப் பார்த்துப் படுத்தபடி. ஜன்னல் கதவையும் திறக்க விடுவதில்லை. போன மாதம் பூராவும் அவள் வாயிலிருந்து வந்த முழு வாக்கியம் ஒன்றுதான். “தம்பி, கதவுல ஓட்டை இருக்கு. சுவத்துல அழுக்கா ஏதோ வெளிச்சம் விழுது, அடைச்சுடு.” பழைய தாழ்ப்பாள் கழன்ற இடத்தில் திருகாணி ஓட்டை, மிளகு அளவு. கண்ணாடிக் கடையில் சந்து பூசி அடைக்கிற மக்குக்கா பஞ்சம்? கொஞ்சம் எடுத்து அடைத்துவிடும்படி மணிக்காரரிடம் சொன்னேன். ‘சரி மொதலாளி’ என்றார். அவர் சரி என்றால் அதற்கு என்ன அர்த்தம் என்று இப்போது உனக்கே தெரிந்திருக்கும்.

உன் மாமா

*

12 ஜனவரி

அன்புள்ள மாமா,

கடைசிவரை படித்தேன். விடுதியில் பக்கத்து அறை ஆசிரியை என் சிரிப்புச் சத்தம் கேட்டு எட்டிப் பார்த்தாள். நாய் சமாதானமான இடம் மட்டும் நிஜம் என்று நினைக்கிறேன்.

மணிக்காரரை நிறுத்தாதீர்கள், மாமா. பள்ளியில் அவரைக் கெட்டவர் என்று யாரும் சொல்லவில்லை. காலையில் வருகைப் பதிவு முடிந்ததும் வீட்டுக்குப் போகிற நீள மணியை அடித்துவிட்டார், அவ்வளவுதான். பள்ளிக்கூடமே ஓடிவிட்டது. தலைமையாசிரியர் வாசலில் கையை விரித்துக்கொண்டு நின்றார், பிள்ளைகள் அவர் அக்குள் வழியாக ஓடினார்கள். அவரை அனுப்பிவிட்டார்கள். போகும்போது கூட, “டீச்சர், நாளைக்கு எத்தனை மணிக்கு வரணும்?” என்று கேட்டார். அதைக் கேட்டபின் நான் எப்படிச் சும்மா இருப்பது?

அம்மாவைப் பற்றித்தான் எனக்கு ராத்திரி பகலாக யோசனை. எலும்பு கூடிவிட்டது, நடக்கலாம் என்று டாக்டர் சொல்லி எவ்வளவு காலமாயிற்று. அம்மாவுக்குக் காலில் இல்லை மாமா, பயத்தில் இருக்கிறது. படியில் விழுந்ததிலிருந்து தரையை நம்ப மாட்டேன் என்கிறாள். நான் கெஞ்சியும் பார்த்தேன், அதட்டியும் பார்த்தேன், நீங்களும் பார்த்தீர்கள்.

இங்கே ஓர் இல்லம் இருக்கிறது. நடக்கப் பழக்குகிறார்கள். அம்மாவுக்கு ஒரு கட்டிலை ஒதுக்கி வைத்திருக்கிறார்கள், பிப்ரவரி பதினைந்து வரை. அதற்குள் பதில் சொல்ல வேண்டும். உங்களுக்குப் பிடிக்காது என்று தெரியும். ஆனால் அம்மா சுவரைப் பார்த்துப் பார்த்தே போய்விடுவாளோ என்று இருக்கிறது.

அத்தைக்கு முட்டிவலி எப்படி?

உங்கள் மருமகள்

*

20 ஜனவரி

மருமகளே,

இல்லமாவது ஒன்றாவது! என் அக்காவுக்கு என் வீட்டில் இடமில்லையா? இந்த மாடியைக் கட்டும்போதே அவளை நினைத்துத்தான் கட்டினேன். மேஸ்திரி ஒரு அறை போதும் என்றான், நான்தான் எட்டு அறை வேண்டும் என்றேன், கடைசியில் இரண்டில் ஒத்துப்போனோம்.

நீ சொன்னதற்காக மணிக்காரருக்கு ஒரு மரியாதையான பொறுப்புக் கொடுத்தேன். அத்தைக்கு முட்டிவலியால் படியேற முடியவில்லை. காலையில் அக்காவுக்குப் பாலும் சுண்ணாம்புச்சத்து மாத்திரையும் மாடிக்கு எடுத்துப் போக வேண்டும். ஒரே ஒரு தட்டு, ஒரே ஒரு மாடி. என்ன கெட்டுவிடப் போகிறது என்றுதானே நீயும் நினைப்பாய்?

அதே நேரத்தில் முடிதிருத்துகிறவர் கைக்கண்ணாடி ஒன்று கேட்டிருந்தார். அதையும் அவரிடமே கொடுத்தேன். அது என் தப்பு இல்லை, விதி. பாலும் மாத்திரையும் முடிதிருத்துகிறவருக்குப் போய்ச் சேர்ந்தன. புதுக் கண்ணாடி வாங்கியதற்கு நான் அனுப்பிய உபசாரம் என்று நினைத்து மனுஷன் மாத்திரையை வாயில் போட்டுப் பாலையும் குடித்து, எனக்கு நன்றி வேறு சொல்லி அனுப்பியிருக்கிறார். இப்போது அவர் எலும்பெல்லாம் இரும்பு.

தட்டில் கைக்கண்ணாடி அக்காவிடம் போனது.

அவள் எடுத்துப் பார்த்திருக்கிறாள். விழுந்ததிலிருந்து அவள் முகத்தை அவள் பார்க்கவில்லை, இளைத்துப்போன முகத்தைப் பார்த்துக் கலங்குவாள் என்றே அந்த அறையில் நாங்கள் கண்ணாடி வைக்கவில்லை. பார்த்துவிட்டுக் கவிழ்த்து வைத்துவிட்டாள். அன்றைக்கு முழுக்கச் சாப்பிடவில்லை. அத்தை சமையலறையில் அழுதாள்.

நான் அந்த மணிக்காரனைத் திட்டிய திட்டில் கடையில் இருந்த கண்ணாடியெல்லாம் கிணுகிணு என்று அதிர்ந்தது. இது உண்மை. நாலாவது தடவையாக நிறுத்தினேன். அவன் கண்ணில் தண்ணீர். மறுநாள் காலையில் வந்து பெருக்கும்போது அந்தக் கண்ணில் ஒரு வருத்தமும் இல்லை. நான்தான் ராத்திரியெல்லாம் தூங்கவில்லை. திட்டு வாங்கியவன் மறந்துவிட்டான், திட்டியவன் சுமக்கிறேன். இது என்ன நியாயம்?

சரி, நல்ல செய்தி. நடனப் பள்ளி ஆசிரியை ஒருவர் ஒரு சுவர் முழுக்கக் கண்ணாடி கேட்டிருக்கிறார். ஒரே பலகை. இரண்டு யானை பக்கத்தில் பக்கத்தில் நின்று பல் தேய்க்கலாம். அடுத்த வாரம் வந்து இறங்குகிறது. நீ பார்க்க வேண்டும்.

மாமா

*

24 ஜனவரி

மாமா,

யானையெல்லாம் இருக்கட்டும்.

உங்கள் கடிதத்தை ஒரு தடவைக்கு மேல் படிக்க முடியவில்லை. மாத்திரை மாறியதற்குச் சிரிக்கச் சொல்கிறீர்களா? நாளைக்கு வேறு மாத்திரையானால்? அம்மா கையில் கண்ணாடியைக் கொண்டுபோய்க் கொடுத்திருக்கிறார்! மணிக்காரருக்காகப் பரிந்து எழுதியவள் நான்தான், அதற்கு என்னைத்தான் நொந்துகொள்ள வேண்டும். அவரை மாடிப்பக்கமே விடாதீர்கள். முடிந்தால் கடையிலும் வைத்துக்கொள்ளாதீர்கள். அவர் மறந்துவிட்டு வந்தால் நீங்கள் கதவைத் திறக்காதீர்கள்.

நான் முடிவு செய்துவிட்டேன். இல்லத்துக்குச் சரி என்று சொல்லப் போகிறேன். பிப்ரவரி பதினைந்து காலையில் வண்டியோடு வருகிறேன். அம்மாவின் துணிகளை மட்டும் எடுத்து வைக்கச் சொல்லுங்கள், அத்தையிடம். அம்மாவிடம் நானே வந்து சொல்லிக்கொள்கிறேன். நீங்கள் சொன்னால் அதைத் தேர்த் திருவிழா ஆக்கிவிடுவீர்கள்.

கோபத்தில்தான் எழுதுகிறேன். ஆனால் கோபம் போனாலும் முடிவு இதுதான்.

*

27 ஜனவரி

அன்புள்ள மருமகளுக்கு,

மூன்று தாள் கிழித்துப் போட்டுவிட்டேன். நடந்ததை எப்படி எழுதினாலும் நான் கதை கட்டுகிற மாதிரியே வருகிறது. அதனால் நடந்த வரிசையில் சொல்கிறேன். அத்தையும் பக்கத்தில் இருந்தாள், நம்பாவிட்டால் அவளைக் கேள்.

இன்று காலை நடனப் பள்ளிக் கண்ணாடி வந்து இறங்கியது. ஆறு ஆட்கள் தூக்கி, கடை முகப்பில் கட்டைமேல் நிற்க வைத்துச் சாய்த்தார்கள். மேலே பெரிய போர்வை. ஆசிரியையின் வண்டி மத்தியானம் வரும். அதுவரை போர்வையைத் தொடாதே என்று மணிக்காரரிடம் சொல்லிவிட்டு நான் உள்ளே கண்ணாடி அறுத்துக்கொண்டிருந்தேன்.

அவர் தூசி தட்டலாம் என்று போர்வையை எடுத்து, தட்டி, மடித்து, தோளில் போட்டுக்கொண்டார். பிறகு போர்வை எங்கே என்று தேட ஆரம்பித்துவிட்டார். தெருக்கோடி வரை போய்த் தேடியிருக்கிறார், தோளில் போர்வையோடு.

நம் தெரு எப்படி என்று உனக்குத் தெரியும். குறுகல். காலையில் வெயில் எங்கள் பக்கம் அடிக்கும், எதிர்ப்பக்கம் கட்டடங்களின் நிழலில் கிடக்கும். அந்தக் கண்ணாடி வெயிலை அப்படியே வாங்கி எதிரே வீசிவிட்டது. தையல்கடை, அதன் பலகை, வாசலில் நிற்கிறவர்கள், போகிற சைக்கிள், எல்லாம் விளக்குப் போட்ட மாதிரி. தையல்காரர் கண்ணைப் பொத்திக்கொண்டு கத்தினார். நான் வெளியே ஓடிவந்தேன். அப்போது மாடியிலிருந்து அத்தை கூப்பிட்டாள். நீ எழுதியபடி மணிக்காரரை மாடிக்கு அனுப்பாததால் அவளே முட்டியைப் பிடித்துக்கொண்டு தட்டோடு ஏறியிருக்கிறாள். “என்னங்க, சீக்கிரம் வாங்க” என்றாள். அவளிடம் அப்படி ஒரு குரலை நான் கேட்டதில்லை. அக்காவுக்கு ஏதோ ஆகிவிட்டது என்று படியில் எப்படி ஏறினேன் என்றே தெரியாது.

அறை இருட்டு. அக்கா வழக்கம்போல ஜன்னலுக்கு முதுகைக் காட்டிப் படுத்திருந்தாள். அவளுக்கு எதிரே இருக்கிற சுவர் முழுக்கத் தெரு.

நான் எழுதியதைத் திரும்பப் படித்துப் பார்த்தேன். சரியாகத்தான் எழுதியிருக்கிறேன். சுவரில் நம் தெரு இருந்தது. படம் இல்லை அம்மா, தெரு. அசைந்தது. தையல்கடையின் பச்சைக் கதவு பச்சையாகவே இருந்தது. தையல்காரர் கையை ஆட்டிக்கொண்டிருந்தார். அவர் வாசலில் தொங்கிய சிவப்புத் துணி காற்றில் ஆடியது. ஒரு சைக்கிள் சுவரின் ஓரத்திலிருந்து வந்து மறு ஓரத்தில் போய் மறைந்தது. எல்லாம் தலைகீழாக. ஆட்கள் கால் மேலே, தலை கீழே. வானம் அடியில், அக்காவின் கட்டிலுக்குப் பக்கத்தில் நீலமாகக் கிடந்தது. சத்தமெல்லாம் முதுகுப்பக்கம் ஜன்னலுக்கு வெளியே கேட்கிறது, ஆட்கள் எங்களுக்கு முன்னால் நடக்கிறார்கள்.

அத்தை என் கையைப் பிடித்துக்கொண்டாள், எங்களுக்குக் கல்யாணமான புதிதில் பிடித்த மாதிரி.

அக்காவின் தோள் குலுங்கியது. அழுகிறாளோ என்று கிட்டப் போனேன். சிரிக்கிறாள். சத்தமே இல்லாமல் சிரிக்கிறாள். நான் ஏதோ சொல்ல வாயெடுத்தேன்.

“உஷ். சத்தம் போடாதடா” என்றாள். “எல்லாரும் தலைகீழா நடக்கறாங்க பாரு. ஒருத்தர்கூட விழலை.”

பிறகு மணிக்காரர் மேலே வந்தார், போர்வை கிடைத்துவிட்டது என்று சொல்ல. வாசலில் நின்றவர் வந்த வேலையை மறந்து தரையில் உட்கார்ந்துவிட்டார். நாங்கள் நாலு பேரும் வெயில் நகர்கிற வரை பார்த்துக்கொண்டிருந்தோம். தெரு மெல்ல மங்கி, சுவர் திரும்ப வெறும் சுவராயிற்று.

எனக்கு இது என்னவென்று தெரியவில்லை. கண்ணாடி விற்றே காலம் தள்ளியவன், கண்ணாடிக்குள் இப்படி ஒன்று இருக்கும் என்று கனவிலும் நினைக்கவில்லை.

மாமா

*

3 பிப்ரவரி

அன்புள்ள மாமா,

உங்கள் கடிதம் கிடைத்ததும் எனக்கு வந்தது எரிச்சல்தான். இல்லத்துக்கு அனுப்பக் கூடாது என்பதற்காக மாமா இவ்வளவு தூரம் போய்விட்டாரே என்று நினைத்தேன். வகுப்புக்குப் போய்விட்டேன். பாடம் நடத்திக்கொண்டிருக்கும்போது பாதியில் நின்றேன்.

தலைகீழாக என்று எழுதியிருந்தீர்களே. நீங்கள் கட்டிய கதை என்றால் தெருவை நேராகத்தான் நடக்க விட்டிருப்பீர்கள். இரண்டு யானைகளையும் அதில் விட்டிருப்பீர்கள். வானத்தைக் கட்டிலுக்குப் பக்கத்தில் கொண்டுவந்து போட உங்களுக்குத் தோன்றவே தோன்றாது, மாமா. தப்பாக நினைக்காதீர்கள். பார்த்தவர்தான் அப்படி எழுத முடியும்.

ஜன்னல் கதவின் ஓட்டைதான் அது. வெளிச்சம் நேர்கோட்டில்தான் போகும். தையல்காரர் தலையிலிருந்து கிளம்புகிற வெளிச்சம் அந்தச் சின்ன ஓட்டை வழியாக நுழைந்தால் சுவரில் ஓரிடத்தில் விழும், அவர் காலிலிருந்து கிளம்புவது வேறோரிடத்தில். ஓட்டையில் இரண்டும் ஒன்றையொன்று தாண்டிப் போவதால் தலை கீழே போகும், கால் மேலே போகும். அம்மா ‘அழுக்கு வெளிச்சம்’ என்று சொன்னாளே, அதுவும் இதே தெருதான். எதிர்ப்பக்கம் நிழலில் இருந்ததால் மங்கலாக இருந்தது. அம்மா இத்தனை மாதமும் தெருவுக்கு முதுகைக் காட்டிப் படுத்திருந்தாள், தெரு அவள் முன்னால் வந்து நின்றுகொண்டிருந்தது. அவளுக்கும் தெரியவில்லை, நமக்கும் தெரியவில்லை.

இதையெல்லாம் நான் வருஷா வருஷம் கரும்பலகையில் கோடு போட்டு நடத்துகிறேன். ஒருநாளும் செய்து பார்த்ததில்லை. நேற்று வகுப்பின் ஜன்னல்களை அட்டை வைத்து அடைத்து ஒரே ஒரு ஓட்டை போட்டேன். விளையாட்டு மைதானம் உள்ளே வந்தது. பிள்ளைகள் கத்துவார்கள் என்று நினைத்தேன். ஒருத்தரும் மூச்சு விடவில்லை. நீங்கள் சொன்ன அந்த வெறும் சுவர் ஆகிற நேரம்வரை நின்றோம்.

அந்த ஓட்டையை அடைத்துவிடாதீர்கள். கண்ணாடியை முடிந்தவரை வைத்திருங்கள்.

ஆனால் மாமா, சுவரைப் பார்த்துச் சிரிப்பது வேறு, எழுந்து நடப்பது வேறு. பதினைந்தாம் தேதி வருகிறேன் என்று சொன்னது சொன்னதுதான். வண்டிக்கும் சொல்லியாயிற்று. அம்மா ஒரே ஒரு அடி வைத்தாலும் திருப்பி அனுப்பிவிடுவேன்.

உங்கள் மருமகள்

*

11 பிப்ரவரி

அன்புள்ள மருமகளுக்கு,

நேற்று வரை நடந்ததை முதலில் சொல்லிவிடுகிறேன்.

நடனப் பள்ளி ஆசிரியையிடம், இவ்வளவு பெரிய கண்ணாடி புது ஊர்க் காற்றுக்குப் பழக வேண்டும், உடனே சுவரில் ஏற்றினால் முகங்கள் கோணலாகத் தெரியும் என்றேன். நம்பிவிட்டார். தொழிலில் எனக்கு இருக்கிற பேர் அப்படி. தையல்காரர் கறுப்புக் கண்ணாடி மாட்டிக்கொண்டு தைக்கிறார். முதலில் சண்டைக்கு வந்தவர், அக்கா தினமும் அவரைச் சுவரில் பார்க்கிறாள் என்று தெரிந்ததும் நல்ல சட்டையாகப் போட்டுக்கொண்டு வருகிறார்.

தினமும் காலையில் தெரு வந்தது. அக்கா தலையணையில் சாய்ந்து உட்கார்ந்து பார்த்தாள். ‘இவன் யாரு, புதுசா இருக்கான்’, ‘அந்த அம்மா இன்னிக்கும் பையை மறந்து வெச்சுட்டுப் போறா’ என்று எங்களுக்குச் சொன்னாள். ஆனால் கட்டிலைவிட்டுக் காலைத் தொங்கப் போடச் சொன்னால் மட்டும் முகத்தைத் திருப்பிக்கொள்வாள். நானும் தேதியை எண்ணிக்கொண்டிருந்தேன்.

இன்று காலை வெயில் வந்தது. கண்ணாடியின் போர்வையை நானே எடுத்தேன். தையல்கடை பளிச்சென்று ஆனது. மேலே சத்தமில்லை. சிரிப்பில்லை. கொஞ்ச நேரம் கழித்து அக்காவின் குரல். “தம்பி, தெரு வரலை.”

கண்ணாடியை இப்படித் திருப்பினேன், அப்படித் திருப்பினேன். “வரலைடா!”

அப்போது மணிக்காரர் படியிறங்கி வந்தார். கையில் மக்குக் கத்தி. முகமெல்லாம் பூரிப்பு.

“மொதலாளி, நீங்க சொன்னது ஞாபகம் வந்துடுச்சு! மேல ஜன்னல் ஓட்டையை அடைச்சுட்டேன். அம்மா தூங்கறப்பவே, சத்தமில்லாம.”

மருமகளே, அவர் என்னிடம் வேலைக்கு வந்ததிலிருந்து ஒரு விஷயம்கூட ஞாபகம் வந்ததில்லை. வந்தது இது ஒன்றுதான். இன்றைக்குத்தான். எனக்குக் கோபத்தில் கால் தரையில் படவில்லை. தெருவில் நின்றே கத்தினேன். “யோவ், உன்னை யாருய்யா இன்னிக்கு ஞாபகப்படுத்திக்கச் சொன்னது? மறந்துட்டே இருந்திருக்கக் கூடாதா?” அவர் மக்குக் கத்தியைப் பிடித்துக்கொண்டு முழித்தார். பாராட்டுவேன் என்று நினைத்திருக்கிறார், பாவம்.

நான் கத்திக்கொண்டிருந்தபோது தையல்காரர் கறுப்புக் கண்ணாடியைக் கழற்றினார். அவர் என்னைப் பார்க்கவில்லை. என் தலைக்கு மேலே பார்த்தார். தெருவில் நடந்தவர்களும் நின்றார்கள். நான் திரும்பிப் பார்த்தேன்.

மாடி ஜன்னல் கதவு ஆடியது. உள்ளேயிருந்து யாரோ தள்ளுகிறார்கள். துருப்பிடித்த கீல். இரண்டு தரம் தள்ளி, மூன்றாவது தரம் படாரென்று திறந்தது.

அக்கா நின்றாள்.

ஒரு கையால் ஜன்னல் சட்டத்தைப் பிடித்திருந்தாள். இன்னொரு கையில், மக்கைக் குத்தி எடுக்கத் தட்டிலிருந்து எடுத்த கரண்டி. கட்டிலுக்கும் ஜன்னலுக்கும் நடுவில் எவ்வளவு தூரம் என்று உனக்குத் தெரியும். பிடித்துக்கொள்ள நாற்காலிகூட இல்லை. அவ்வளவையும் அவள் நடந்திருக்கிறாள், கோபத்தில், யாரும் பார்க்காதபோது.

“யாருய்யா ஓட்டையை அடைச்சது?” என்றாள்.

கண்ணாடியின் வெளிச்சம் எதிர்ச்சுவரில் பட்டு அவள் முகத்தில் திரும்பி விழுந்தது. அவள் கண்ணைச் சுருக்கிக்கொண்டு தையல்காரரைப் பார்த்தாள், சைக்கிளைப் பார்த்தாள், வானத்தை நிமிர்ந்து பார்த்தாள். எல்லாம் நேராக இருந்தது. அவளும்.

அப்புறம்தான் தான் நின்றுகொண்டிருப்பது அவளுக்கே தெரிந்தது. கீழே தன் காலைப் பார்த்தாள். விழவில்லை. தெருவே மூச்சை நிறுத்தியிருந்தது. மணிக்காரர் மட்டும் கும்பிட்டுவிட்டு, “அம்மா, நான்தான் அடைச்சேன்” என்றார்.

“இங்கே மேல வா, உன்னை வெச்சுக்கறேன்” என்றாள் அக்கா.

போனார். அறையிலிருந்து அவள் திட்டுவது தெருக்கோடிவரை கேட்டது. இவ்வளவு நாள் பேசாததையெல்லாம் சேர்த்துத் திட்டினாள். அத்தையும் நானும் படியில் உட்கார்ந்து கேட்டுக்கொண்டிருந்தோம். அந்த மாதிரி ஒரு பாட்டை நாங்கள் கேட்டதில்லை.

இதில் ஒரு வரியைக்கூட நான் கூட்டிச் சொல்லவில்லை. சொல்லவும் முடியாது. அக்கா என் தோளுக்குப் பின்னால் இருந்து ஒவ்வொரு வரியாகப் படித்துக்கொண்டிருக்கிறாள். ‘கண்ணாடியைத் தூக்கினது ஆறு ஆட்கள் இல்லை, நாலு பேர், குரல் கேட்டேனே’ என்று போன கடிதத்துக்கும் இப்போதே திருத்தம் சொல்லிவிட்டாள். வண்டியைப் பற்றி என்ன எழுத என்று கேட்டேன். ‘என் பொண்ணு வரட்டும், நான் பார்த்துக்கறேன்’ என்கிறாள்.

நாற்காலியை இழுத்துப் போட்டேன். உட்கார் அக்கா என்று மூன்று தடவை சொல்லிவிட்டேன். மாட்டேன் என்கிறாள்.

மாமா